காலத்தைத் திருப்பும் பாட்டு

நிலா வானத்திலிருந்து கொஞ்சம் கொஞ்சமாக இறங்கி வருகிறது. மூன்றாம் நாள் முடிந்ததும் ஊரின் மேல் விழுந்துவிடும். அதைத் தடுக்க வேண்டிய சிறுவனுக்கு மூன்று நாள் எந்த மூலைக்கு? அவனிடம் ஒக்கரீனா என்ற சின்ன ஊதுகருவி ஒன்று இருக்கிறது. அதை எடுத்து மூன்று சுரங்களை ஊதுகிறான். அதே மூன்றை அதே வரிசையில் இன்னொரு முறை ஊதுகிறான். உடனே காலம் பின்னோக்கிச் சுழல்கிறது. முதல் நாள் காலை ஆறு மணிக்கு, ஊர் நடுவே மணிக்கூண்டின் முன்னால் மறுபடியும் நிற்கிறான்.

ஜப்பானின் நிண்டெண்டோ நிறுவனம் 2000 ஆம் ஆண்டில் வெளியிட்ட 'தி லெஜண்ட் ஆஃப் செல்டா: மஜோராஸ் மாஸ்க்' என்ற வீடியோ கேமின் அச்சாணி இந்தச் சடங்குதான். அதற்கு முந்தைய ஆட்டம் 1998 இல் வந்து உலகெங்கும் பெயர் வாங்கியிருந்தது. அடுத்ததை ஒரே ஆண்டில் முடித்துத் தர வேண்டும் என்று நிறுவனத்தின் ஷிகெரு மியாமோட்டோ கேட்டார். இயக்குநர்கள் எய்ஜி அவோனுமாவும் யோஷியாகி கொய்சுமியும் அதற்கு ஒரு வழி கண்டார்கள். மூன்றே நாள் நீளமுள்ள சிறிய உலகம் ஒன்றை உருவாக்கி, ஆடுபவர் அதைத் திரும்பத் திரும்ப வாழும்படி செய்துவிட்டார்கள். அந்தச் சுழற்சியைத் தொடங்கி வைக்க ஒரு மந்திரம் தேவைப்பட்டது. அது பாட்டாக அமைந்தது.

மந்திரத்துக்குக் கறாரான விதிகள் உண்டு. பாட்டை நேராக ஊதினால் முதல் நாளுக்குத் திரும்பலாம். சுரங்களைக் கடைசியிலிருந்து முதலுக்கு ஊதினால் காலம் மெதுவாகும். ஒவ்வொரு சுரத்தையும் இரண்டிரண்டு தடவை ஊதினால் அரை நாள் முன்னே தாவலாம். கடைசி இரண்டு வித்தைகளையும் சிறுவனுக்குச் சொல்லித் தருவது ஒரு சோளக்கொல்லைப் பொம்மை. முதல் நாளுக்குத் திரும்பும்போது காசு, அம்பு, வெடிகுண்டு எல்லாம் கையை விட்டுப் போய்விடும். கற்ற பாட்டுகளும் பெற்ற முகமூடிகளும் தங்கும். ஊராருக்கு நடந்தது எதுவுமே நினைவிருக்காது. காலம் திரும்பியது ஊதியவனுக்குத் தெரியும்.

சுவர்க் கடிகாரத்தை எந்தப் பாட்டாலும் அசைக்க முடியாது. அதில் சந்தேகமில்லை. ஆனால் 'எவ்வளவு நேரம் ஆயிற்று' என்று நமக்குள் ஓடும் கணக்கைப் பெருமளவு எழுதுவது காதுதான். அந்தக் கணக்கை ஒலியால் நீட்டவும் முடியும், குறுக்கவும் முடியும். அதற்கும் மேலே, ஓர் ஒலி அலையையே வந்த வழியில் திரும்ப ஓட வைத்துக் காட்டிய இயற்பியலாளர்களும் இருக்கிறார்கள். கற்பனைச் சடங்குகளில் இந்த ஒன்றின் மேல் எனக்குத் தனி மதிப்பு உண்டு. கால இயந்திரக் கதைகள் எதையும்விட இது உண்மைக்குப் பக்கத்தில் நிற்கிறது.

முதலில் கருவியைப் பற்றிச் சொல்லிவிடலாம். இன்று நாம் காணும் ஒக்கரீனாவுக்கு வடிவம் தந்தவர் இத்தாலியின் புத்ரியோ என்ற ஊரைச் சேர்ந்த ஜூசெப்பே தொனாத்தி. ஆண்டு 1853, அப்போது அவருக்கு வயது 17. சுட்ட களிமண்ணில் உள்ளே பொள்ளலாகச் செய்த, உள்ளங்கையில் அடங்கும் கருவி இது. புல்லாங்குழலில் எந்தத் துளை திறந்திருக்கிறது என்பது முக்கியம், ஏனென்றால் அதிரும் காற்றுக் குழாயின் நீளத்தை அதுதான் தீர்மானிக்கிறது. ஒக்கரீனாவில் துளை எங்கே இருக்கிறது என்பது ஏறக்குறையப் பொருட்டே இல்லை. திறந்திருக்கும் துளைகளின் மொத்தப் பரப்பு கூடினால் சுரம் உயரும். உள்ளே அடைபட்ட காற்று முழுவதும் ஒரே பொதியாக அமுங்கி விரிந்து ஒலிப்பதுதான் காரணம். துணைச் சுரங்கள் மிகக் குறைவு என்பதால் ஒலி ஏறக்குறையக் கலப்பே இல்லாமல் தூய்மையாக வரும்.

இனி காலத்தை மெதுவாக்கும் வித்தை. இதற்கு ஆய்வுக்கூடத்தில் நேரடிச் சான்று இருக்கிறது.

1930களின் தொடக்கத்தில் ஹட்சன் ஹோக்லண்ட் என்ற அமெரிக்க உடலியலாளரின் மனைவி காய்ச்சலில் படுத்திருந்தார். மருந்து வாங்கக் கடைக்குப் போன கணவர் சீக்கிரமே திரும்பிவிட்டார். மனைவியோ வெகுநேரம் காக்க வைத்துவிட்டதாகக் குறைபட்டுக்கொண்டார். வேறு யாராவது என்றால் சமாதானம் சொல்லிவிட்டுப் போயிருப்பார்கள். ஹோக்லண்ட் நிறுத்துக் கடிகாரத்தை எடுத்தார். விநாடிக்கு ஒன்று என்று அறுபது வரை மனத்துக்குள் எண்ணச் சொன்னார். காய்ச்சல் உச்சத்தில் இருந்தபோது 40 விநாடி ஆவதற்குள் மனைவி அறுபதை எட்டிவிட்டார். காய்ச்சல் இறங்க இறங்க எண்ணிக்கையும் நிதானத்துக்கு வந்தது. உடலுக்குள் துடிப்புகளை விடும் ஏதோ ஒன்று இருக்கிறது, சூடு ஏறினால் அதன் வேகம் கூடுகிறது என்று 1933 இல் அவர் எழுதினார்.

இந்தத் தர்க்கத்தைக் கொஞ்சம் பொறுமையாகப் பார்க்க வேண்டும். உள்துடிப்பு விநாடிக்குப் பத்து என்று வைத்துக்கொள்வோம். பத்துத் துடிப்பு சேர்ந்தால் ஒரு விநாடி என்று மூளை பழகியிருக்கிறது. துடிப்பு பதினொன்றாக ஏறினால் உண்மையான ஒரு விநாடி 1.1 விநாடியாகத் தோன்றும். அதாவது உள்ளே வேகம் கூடும்போது வெளியே உலகம் மெதுவாகிவிடும். காய்ச்சல் இல்லாமலேயே அந்தத் துடிப்பை விரட்ட முடியுமா?

முடியும் என்பதற்கான அறிகுறி 1990 இல் கிடைத்தது. ஆக்ஸ்ஃபோர்டில் மைக்கேல் டிரைஸ்மனும் உடன் ஆய்வாளர்களும் சீரான 'டிக் டிக்' ஒலிகளைக் கேட்க வைத்து, கால மதிப்பீடு மாறுவதைப் பார்த்தார்கள். 1996 இல் இயன் பெண்டன்-வோக், ஜான் வேர்டன் முதலானோர் இதையே இன்னும் எளிமையாகச் செய்தார்கள். சில விநாடிகளுக்கு, விநாடிக்கு ஐந்து அல்லது இருபத்தைந்து டிக் ஒலிகள். அவை நின்றதும் ஒரு சுரம். அந்தச் சுரம் எவ்வளவு நேரம் ஒலித்தது என்று கேட்டால், டிக் ஒலி கேட்டவர்கள் சுமார் 10 விழுக்காடு கூடுதலாகச் சொன்னார்கள். வேறெதுவும் மாறவில்லை. முன்னால் சில டிக்குகள் ஒலித்தன, அவ்வளவுதான்.

இது வெறும் தோற்றமாக இருக்கலாமே என்று யாருக்கும் கேட்கத் தோன்றும். 2011 இல் லூக் ஜோன்ஸ், கிளேர் ஆலெலி, வேர்டன் மூவரும் வெளியிட்ட ஆய்வு அந்தக் கேள்வியைத்தான் எடுத்துக்கொண்டது. டிக் ஒலிகளுக்குப் பிறகு, பங்கேற்றவர்கள் மனக்கணக்குகளை வேகமாகப் போட்டார்கள். குறிப்பைக் கண்டு பொத்தானை அழுத்துவதும் விரைவாயிற்று. கணநேரம் காட்டி மறைத்த எழுத்துகளில் கூடுதலாகவே நினைவில் வைத்தார்கள். நீண்டதாகத் தோன்றிய நேரத்துக்குள் கொஞ்சம் கூடுதலாக வேலையும் நடந்திருக்கிறது. எனக்கு இந்தத் துறையில் மிகவும் வியப்பளித்த முடிவு இதுதான். உள்கடிகாரம் என்று ஒன்று தனியே இருக்கிறதா, அல்லது டிக் ஒலி மூளையைப் பொதுவாக உசுப்பிவிடுகிறதா என்ற வாதம் ஆய்வாளர்களிடையே இன்னும் ஓயவில்லை. எந்த விளக்கம் வென்றாலும் அளவீடு அப்படியே இருக்கும்.

ஏன் ஒலிக்கு இந்த அதிகாரம்? காலத்தை நுட்பமாக அளப்பதில் கண் காதுக்கு ஈடாகாது. சினிமாவில் விநாடிக்கு 24 நிலைப் படங்களைக் காட்டினாலே கண் அதைத் தொடர் அசைவாக எடுத்துக்கொள்கிறது. காதோ தொடர்ந்த இரைச்சலுக்கு நடுவே இரண்டு மூன்று மில்லிவிநாடி இடைவெளி விழுந்தாலே கண்டுபிடித்துவிடும். ஒலி எந்தத் திசையிலிருந்து வருகிறது என்று அறிய, இரு காதுகளையும் அது எட்டும் நேர வித்தியாசத்தை மூளை சுமார் 10 மைக்ரோவிநாடி வரை பிரித்தறிகிறது. மைக்ரோவிநாடி என்பது விநாடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு.

அதனால் கண்ணும் காதும் முரண்படும்போது, நேரம் பற்றிய விஷயத்தில் மூளை பெரும்பாலும் காதின் பேச்சைத்தான் கேட்கிறது. 2000 இல் லாடன் ஷம்ஸ், யுகியாசு கமிதானி, ஷின்சுகே ஷிமோஜோ மூவரும் திரையில் ஒரே ஒரு முறை ஒளியைப் பளிச்சிட வைத்து, கூடவே இரண்டு 'பீப்' ஒலிகளைக் கேட்க வைத்தார்கள். பார்த்தவர்கள் ஒளி இரண்டு முறை மின்னியதாகச் சொன்னார்கள். ஊகித்துச் சொல்லவில்லை, அப்படியே கண்டார்கள். காதில் விழுந்த எண்ணிக்கை கண்ணால் கண்டதையே திருத்திவிட்டது.

அப்படியென்றால் உலகெங்கும் பூசாரிகளும் ஷாமன்களும் முரசறைந்து பக்தர்களை வேறொரு காலத்துக்குள் கொண்டுபோனது இந்த டிக் ஒலி வேலைதானா? 1960களின் தொடக்கத்தில் ஆண்ட்ரூ நேஹர் ஏறத்தாழ அப்படித்தான் வாதிட்டார். குறிப்பிட்ட வேகத்தில் விழும் முரசொலி மூளை அலைகளைத் தன் தாளத்துக்கு இழுத்துவிடுகிறது என்றார். பிரெஞ்சு இசை மானிடவியலாளர் ஜில்பேர் ரூஷே 1980 இல் வெளியிட்ட நூலில் இதை ஏற்க மறுத்தார். முரசின் அதிர்வே போதுமென்றால் கேட்கிற எல்லோருக்கும் ஆவேசம் வந்தாக வேண்டும், அப்படி வருவதில்லையே என்பது அவர் கேள்வி. நம் ஊர்க் கொடைவிழாவைப் பார்த்தவர்களுக்கு இந்தக் கேள்வி உடனே பிடிபடும். உடுக்கையும் பம்பையும் நூற்றுக்கணக்கானோர் காதில் ஒரே மாதிரிதான் விழுகின்றன. சாமி இறங்குவது ஓரிருவர் மேல். ரூஷே சொன்னதே சரி என்பது என் கருத்து. சடங்கில் ஒலி ஒரு பங்குதான். நம்பிக்கை, விரதம், கூட்டத்தின் எதிர்பார்ப்பு, காத்திருந்த நாட்கள் எல்லாம் மீதிப் பங்கு.

சுரங்களை இரட்டிக்கும் வித்தைக்கு வந்தால் ஆய்வுக்கூடத்தை விட்டு நடு ஜாவாவுக்குப் போக வேண்டும். அங்கே வெண்கலத் தகடுகளும் கிண்ணங்களும் கோங்குகளும் சேர்ந்து ஒலிக்கும் கமெலான் குழுவில் 'இராமா' என்று ஒன்று உண்டு. பாட்டின் எலும்புக்கூடு போன்ற மெட்டை ஒரு சில கருவிகள் அடிக்கும். அந்த அடிகளுக்கு இடையிலுள்ள வெளியை மற்றக் கருவிகள் சிறு சுரங்களால் நிரப்பும். கெண்டாங் என்ற முரசை வாசிப்பவர்தான் தலைவர். அவர் வாய் திறக்காமல் முரசாலேயே வேகத்தைத் தளர்த்துகிறார். மெட்டின் அடிகள் விலகிக்கொண்டே போகின்றன. நிரப்பும் கருவிகளும் கூடவே தளர்கின்றன. மெட்டு பாதி வேகத்தை நெருங்கும் அந்த இடத்தில் நிரப்பும் கருவிகள் ஓர் அடிக்கு நான்காக இருந்ததைச் சட்டென்று எட்டாக்கிவிடும். இப்போது மெட்டின் வேகம் பாதி. சிறு சுரங்களின் ஓட்டமோ கிட்டத்தட்டப் பழைய வேகத்திலேயே இருக்கிறது. இப்படியே இன்னொரு படி இறங்கலாம், அதற்கடுத்த படியும் இறங்கலாம். ஒவ்வொரு படியிலும் இரு பெரிய கோங்குகளுக்கு நடுவிலுள்ள காலம் இரட்டிக்கும். சிறு சுரங்களைப் பற்றிக்கொண்டு கேட்பவருக்கு எதுவும் மாறவில்லை. கோங்கை எண்ணிக்கொண்டு கேட்பவருக்கோ காலமே நீண்டுவிட்டது. இருவரும் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கலாம்.

கர்நாடக சங்கீதம் கேட்பவர்களுக்கு இதற்கு நேர் எதிரான ஒன்று தெரியும். பல்லவியை மூன்று காலத்தில் பாடும்போது கை போடும் தாளம் மாறாது. வரிதான் அதற்குள் நீண்டும் ஒடுங்கியும் வரும். ஜாவாவில் சிறு சுரங்கள் நிலையாக நிற்க, தாளத்தின் சட்டம் விரிகிறது. இங்கே சட்டம் நிலையாக நிற்க, சுரங்கள் விரிகின்றன. மேல்காலத்தில் பாடகர் வரியைத் தொடங்கும்போது சபையில் ஓர் அசைவு தெரியுமே, ஆவர்த்தனத்தின் நீளம் அப்படியேதான் இருக்கிறது, ஆனாலும் உடம்பு வேறு வேகத்துக்கு மாறிவிடுகிறது.

கடைசியாக, திரும்பிப் போவது. இங்கேதான் அறிவியல் கதையையே மிஞ்சுகிறது.

குளத்தில் கல் விழுந்தால் வளையங்கள் கரையை நோக்கிப் போகும். கரையிலிருந்து வளையங்கள் ஒடுங்கி நடுவுக்கு வந்து கல்லை மேலே எறிவதை யாரும் கண்டதில்லை. ஆனால் அலைகளின் ஓட்டத்தை விவரிக்கும் சமன்பாட்டில் காலத்தின் குறியை மாற்றிப் போட்டாலும் சமன்பாடு மாறாது. வெளியே விரியும் அலையை அது எப்படி அனுமதிக்கிறதோ, உள்ளே ஒடுங்கும் அலையையும் அப்படியே அனுமதிக்கிறது. அலையின் ஆற்றல் உராய்வில் வெப்பமாகக் கரைந்துபோகாதவரை இது பொருந்தும். இந்த அனுமதியை உண்மையிலேயே பயன்படுத்தினால் என்ன என்று யோசித்தவர் பாரிஸின் எஸ்பிசிஐ கல்வி நிறுவனத்தைச் சேர்ந்த மத்தியாஸ் ஃபிங்க். 1990களில் அவருடைய குழு உருவாக்கிய கருவிக்குக் காலத் திருப்பு ஆடி என்று பெயர். சாதாரணக் கண்ணாடி அலையைத் தெறிக்க வைக்கிறது. இது அலையைப் பதிவு செய்து, கடைசியாக வந்ததை முதலாகவும் முதலில் வந்ததைக் கடைசியாகவும் திருப்பி அனுப்புகிறது.

1995 இல் அர்னோ டெரோட், பிலிப் ரூ, ஃபிங்க் மூவரும் செய்த சோதனையை அருகில் போய்ப் பார்ப்போம். ஒரு நீர்த்தொட்டி. அதற்குள் சுமார் 2,000 மெல்லிய எஃகுக் கம்பிகள் ஒழுங்கில்லாமல் நெருக்கமாக நட்டுவைக்கப்பட்டிருக்கின்றன. ஒரு பக்கத்தில் சிறிய ஒலிமூலம். மறுபக்கத்தில் வரிசையாக 96 உணர்விகள். இவை கேட்கவும் செய்யும், ஒலிக்கவும் செய்யும். ஒலிமூலம் ஒரு மைக்ரோவிநாடி நீளமுள்ள மீயொலித் துடிப்பு ஒன்றை விடுகிறது. அது கம்பிகளில் மோதி, சிதறி, சிதறியது மறுபடி மோதி, மறுபக்கம் வரும்போது 200 மைக்ரோவிநாடிக்கு மேல் நீண்ட வெறும் இரைச்சலாக இருக்கிறது. தொடக்கத் துடிப்பின் சாயல்கூட அதில் தெரியாது. 96 உணர்விகளும் தத்தமக்குக் கிடைத்த இரைச்சலைப் பதிவு செய்து, பின்னிருந்து முன்னாகத் திருப்பி, அதே கம்பிகளுக்குள் அனுப்புகின்றன.

மூலம் இருந்த இடத்தில் ஒலி மறுபடியும் கூடுகிறது. 200 மைக்ரோவிநாடி இரைச்சல் முழுவதும் ஏறத்தாழ ஒரு மைக்ரோவிநாடித் துடிப்பாகச் சேர்ந்து ஒடுங்குகிறது. குவியும் புள்ளியின் அகலம்தான் இன்னும் விந்தை. கம்பிகளே இல்லாத வெறும் நீரில் கிடைப்பதைவிட அது சுமார் ஆறு மடங்கு குறுகியதாக இருந்தது. குழப்பம் கூடியதால் துல்லியம் கூடியிருக்கிறது. கம்பிகள் அலையை எல்லாப் பக்கமும் சிதறடித்ததால், சாதாரணமாகத் தப்பிப்போயிருக்கும் திசைகளின் செய்தியும் உணர்விகளை வந்தடைந்துவிட்டது.

காலத்தைத் திருப்புவது பற்றி 1876 இல் இயற்பியலாளர் யோசப் லோஷ்மிட் தன் நண்பரான இயற்பியலாளர் போல்ட்ஸ்மனிடம் எழுப்பிய கேள்வி ஒன்று உண்டு. ஒரு வாயுவின் மூலக்கூறுகள் எல்லாவற்றின் வேகத்தையும் ஒரே கணத்தில் திருப்பிவிட்டால் அது பழைய நிலைக்கே போக வேண்டாமா? கொள்கையளவில் போக வேண்டும். நடைமுறையில் மூலக்கூறு ஒவ்வொன்றின் திசையிலும் மயிரிழைப் பிழை இருந்தாலே சில மோதல்களுக்குள் அது பெருகிப் பெருகி எல்லாவற்றையும் கெடுத்துவிடும். அதே கம்பிக் காட்டுக்குள் துகள்களை அனுப்பியிருந்தால் அவை வீடு திரும்பியிருக்காது. அலை ஒரே வழியில் போவதில்லை. எண்ணற்ற வழிகளில் பரந்து போகிறது. அதனால் சில வழிகளில் பிழை இருந்தாலும் மொத்தம் கெடுவதில்லை. காலத்தைத் திருப்ப ஒலியைத் தேர்ந்தெடுத்த கதைக்காரர்கள் சரியான பொருளையே தேர்ந்தெடுத்திருக்கிறார்கள்.

காலத் திருப்பு ஆடியின் பயன்களும் உடனே தேடப்பட்டன. சிறுநீரகக் கல்லை வெளியிலிருந்து அலைகளால் உடைக்கும்போது, நோயாளி மூச்சு விடுவதால் கல் அசைந்துகொண்டே இருக்கும். பல அலைகள் குறி தவறும். மீயொலியை அனுப்பி, கல்லிலிருந்து வரும் எதிரொலியைப் பதிவு செய்து, திருப்பி அனுப்பினால் அலை தானாகவே கல்லைத் தேடிப் போகும். இடையிலுள்ள சதையும் எலும்பும் அலையை எப்படி வளைத்தன என்று நமக்குத் தெரிந்திருக்க வேண்டியதில்லை. மண்டையோட்டைத் தாண்டி மூளைக்குள் மீயொலியைக் குவிக்கும் முயற்சிகளிலும் இதே வழி கைகொடுத்தது. 1996 இல் ஸ்கிரிப்ஸ் கடலியல் நிறுவனத்தின் வில்லியம் குப்பர்மனும் குழுவினரும் இத்தாலிக் கடற்கரைக்கு அப்பால் மத்தியதரைக் கடலில் இதைச் செய்து பார்த்தார்கள். கடலடியிலும் மேற்பரப்பிலும் மோதி மோதிச் சிதறிய ஒலி, 6 கிலோமீட்டருக்கு அப்பாலிருந்து திரும்பி வந்து புறப்பட்ட ஆழத்திலேயே கூடியது.

ஒரு குறை மட்டும் நெடுநாள் இருந்தது. திரும்பி வந்த அலை மூலத்தில் கூடுகிறது, ஆனால் அங்கே நிற்பதில்லை. அந்தப் புள்ளியைத் தாண்டி மறுபடியும் விரிந்து போய்விடுகிறது. கடந்ததை முழுமையாகத் திருப்ப வேண்டுமென்றால் அலை மட்டும் திரும்பினால் போதாது, அதை எழுப்பிய மூலமும் திரும்ப வேண்டும். அன்று ஒலியை விட்டது இன்று அதை விழுங்க வேண்டும். 2002 இல் ஜூலியன் தெ ரோஸ்னியும் ஃபிங்கும் அதையும் செய்தார்கள். அலை வந்து கூடும் அதே கணத்தில், முதலில் விட்ட துடிப்பின் தலைகீழ் வடிவத்தை மூலம் வெளியிடும்படி அமைத்தார்கள். விரிந்து போக வேண்டிய அலையும் மூலத்தின் அலையும் ஒன்றையொன்று அழித்துக்கொண்டன. மூலம் ஒலியை உறிஞ்சிவிட்டது. அப்போது குவிந்த புள்ளியின் அகலம் அலைநீளத்தின் பதினான்கில் ஒரு பங்குக்கும் குறைவு. சாதாரணமாக அலைநீளத்தில் பாதிக்குக் கீழே எந்த அலையையும் குவிக்க முடியாது என்பது ஒளியியலிலும் ஒலியியலிலும் காலங்காலமாக இருந்துவரும் எல்லை.